பிலிம் ஓரத்தில் ஒரு கோடு

குளத்தூரிலிருந்து தூத்துக்குடிக்குச் சாயங்கால பஸ்ஸில் வலப்பக்க ஜன்னலோரம் உட்கார்ந்து போனால் ஒரு வேடிக்கை பார்க்கலாம். மேற்கே இறங்குகிற வெயில் சாலையோர உடைமரங்களுக்கு நடுவே புகுந்து முகத்தில் அடிக்கும். மரம் வந்தால் இருட்டு, இடைவெளி வந்தால் வெளிச்சம். கண்ணை மூடிக்கொண்டாலும் இமைக்குள் சிவப்பும் கறுப்புமாக மாறி மாறித் துடிக்கும். பஸ் மெதுவாகப் போனால் துடிப்பு மெதுவாக, வேகம் பிடித்தால் துடிப்பும் வேகமாக.

அந்தத் துடிப்பை நொடிக்கு 440 தடவை ஆக்க முடிந்தால், ஒவ்வொரு வெளிச்சத்துக்கும் ஒரு சிறு மின்சாரம் பிறந்து அது ஒலிபெருக்கியின் தாளை ஒருமுறை உந்தித் தள்ளினால், ஆர்மோனியத்தின் நடுவிலிருக்கும் ஒரு கட்டையை அமுக்கிய சத்தம் கேட்கும். மரங்களை நெருக்கியும் விலக்கியும் நடத் தெரிந்தவன் அந்தச் சாலையோரத்தில் ஒரு பாட்டையே நட்டுவிடலாம். பிலிம் ஓரத்தில் ஒலியை ஒரு கோடாக எழுதிச் சினிமா பேசியது இந்த வழியில்தான். தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' 1931இல் வந்தது. அதற்கு மூன்று ஆண்டு கழித்து, நம் கரிசல் மண்ணோடு நெருங்கிய தொடர்புள்ள ஒரு ஆவணப்படம் இந்த ஒலிக்கோட்டை வைத்து அதுவரை யாரும் அதிகம் துணியாத ஒரு காரியத்தைச் செய்தது. அந்தப் படத்தைப் பற்றித்தான் சொல்லப்போகிறேன்.

பெயர் 'சாங் ஆஃப் சிலோன்'. 1934ஆம் ஆண்டுப் படம், கறுப்பு வெள்ளை, ஓடும் நேரம் நாற்பது நிமிடத்துக்கு உள்ளே. எடுத்தவர் பேசில் ரைட் என்ற ஆங்கிலேய இளைஞர். தயாரிப்பாளர் ஜான் கிரியர்சன், 'டாக்குமெண்டரி' என்ற சொல்லை 1926இல் ஒரு பட விமர்சனத்தில் எழுதி அதற்கு இன்றைய பொருளைக் கொடுத்தவர். பணம் கொடுத்தது இலங்கைத் தேயிலைப் பிரசார வாரியம். வாரியம் கேட்டது தேயிலைக்கு விளம்பரமாகும் நான்கு சிறு பயணப் படங்கள். ரைட் திரும்பி வந்து கோத்துக் கொடுத்தது நான்கு பகுதிகள் கொண்ட ஒரே படம். 1935இல் பிரஸ்ஸல்ஸ் விழாவில் அதற்கு முதல் பரிசு கிடைத்தது.

முதல் பகுதி புத்தரின் மலையில் ஏறும் யாத்திரிகர்கள். இரண்டாம் பகுதி கிராமத்து அன்றாட வேலைகள். நான்காவது மறுபடி சமயமும் கண்டி நடனமும். நடுவில் நிற்கும் மூன்றாம் பகுதிக்கு 'வணிகத்தின் குரல்கள்' என்று பெயர். காலனி ஆட்சியின் கீழ் ஒரு துறைமுக நகரமும் அதன் பின்னால் இருக்கும் மலைநாடும் எப்படி உலகச் சந்தையோடு முடிச்சுப் போடப்பட்டன என்பதைக் காட்டும் பகுதி அது. ரயில் மலையில் ஊர்கிறது, யானை ஒரு மரத்தை முட்டிச் சாய்க்கிறது, தேங்காய் இறங்குகிறது, கொழுந்து பறிக்கிறார்கள், கப்பல் நிற்கிறது. கண்ணுக்குத் தெரிவது இவ்வளவே. காதில் விழுவது வேறு: தேயிலைச் சந்தை விலை, கப்பல் வருகை அறிவிப்பு, தொலைபேசி உத்தரவு, வியாபாரக் கடிதத்தைச் சொல்லி எழுத வைக்கும் அலுவலகக் குரல்கள். எல்லாம் ஆங்கிலத்தில், ஒன்றின் மேல் ஒன்று ஏறி விழுகின்றன. மரம் ஏறுபவனின் முதுகைக் காட்டிக்கொண்டே எங்கோ ஒரு மேசையில் நடக்கும் பேரத்தைக் கேட்க வைக்கிறார் ரைட். அந்த மனிதன் கண்ணால் பார்த்திராத ஓர் இடத்திலிருந்து அவன் உழைப்புக்கு விலை வைக்கிறார்கள் என்பதை ஒரு வரி விளக்கமும் இல்லாமல் உணர்த்திவிடுகிறது இந்தச் சேர்க்கை. இன்று விளம்பரப் படம் எடுக்கிறவர்கூட இதைச் சாதாரணமாகச் செய்வார். 1934இல் இது புதிது.

எப்படிச் செய்ய முடிந்தது என்று பார்த்தால் விஷயம் இன்னும் சுவையாகிறது. ரைட் இலங்கைக்கு எடுத்துப் போனது ஊமைக் காமிரா. படத்தின் ஒலி அத்தனையும் லண்டன் பக்கம் ஸ்டுடியோவில் உருவானது. வால்டர் லீ என்ற இசையமைப்பாளரும் ரைட்டும் உட்கார்ந்து குரல், மணி, ரயில், இசை ஒவ்வொன்றையும் தனித்தனியாகப் பிடித்து, கலந்து, கடைசியில் ஒரே கோடாக ஆக்கினார்கள்.

அந்தக் கோடு பிலிமின் ஓரத்தில், படச்சட்டங்களுக்கும் பல்சக்கரத் துளைகளுக்கும் நடுவில் இருக்கிறது. அகலம் ஏறத்தாழ இரண்டரை மில்லிமீட்டர். புரொஜெக்டருக்குள் ஒரு சிறு விளக்கு மயிரிழைபோல் மெல்லிய ஒளிக்கீற்றை அதன்மேல் பாய்ச்சும். கோடு சில படங்களில் ரம்பப் பல் போல அகன்று சுருங்கும், சிலவற்றில் கறுப்பும் சாம்பலுமாக வரிவரியாக இருக்கும். எப்படியிருந்தாலும் கீற்று கடந்துபோகும் அளவு கூடிக் குறையும். மறுபக்கத்து ஒளிமின்கலம் அதை மின்சாரமாக மாற்ற, ஒலிபெருக்கி அதைச் சத்தமாக மாற்றும். உடைமரத்து வெயில்தான், மிகப் பொடியாக. 35 மில்லிமீட்டர் பிலிம் நொடிக்கு 18 அங்குலம் ஓடுகிறது. 440 துடிப்பு அந்த 18 அங்குலத்துக்குள் அடங்க வேண்டுமென்றால் ஒவ்வொன்றுக்கும் கிடைக்கும் இடம் ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டர். பெண் குரலின் கூர்மை, மணியின் கணகணப்பு எல்லாம் அதைவிடப் பல மடங்கு நுணுக்கமாக எழுதப்பட வேண்டும்.

இன்னொன்றும் உண்டு, எனக்கு மிகப் பிடித்தது. படம் நின்று நின்று போக வேண்டும், ஒலி நிற்காமல் போக வேண்டும். ஒவ்வொரு சட்டமும் லென்சுக்கு நேரே ஒரு கணம் அசையாமல் நின்றால்தான் திரையில் தெளிவாக விழும். நொடிக்கு 24 முறை நின்று இழுபடுகிறது பிலிம். அதே இடத்தில் ஒலியையும் படித்தால் குரல் டகடகவென்று உடைந்துபோகும். அதனால் ஒலியைப் படிக்கும் இடத்தைத் தள்ளி வைத்தார்கள். நடுவில் பிலிமைத் தொய்வாக வளைத்து விட்டு, அதற்கப்பால் கனத்த சக்கரத்தின் மேல் சீராக ஓட விட்டார்கள். அந்தத் தொலைவுக்கு ஈடாக, படத்துக்குரிய ஒலி அதற்கு நேர் பக்கத்தில் அச்சிடப்படுவதில்லை. சுமார் 20 சட்டம் முன்னால் இருக்கும். முக்கால் நொடிக்குச் சற்று மேல். பிலிம் சுருளைக் கையில் எடுத்துப் பார்த்தால், ஒரு மனிதனின் வாய்க்குப் பக்கத்தில் இருக்கும் கோடு அவன் பேச்சு இல்லை, அதற்குப் பின்னால் வரப்போகிறதன் ஒலி. படமும் ஒலியும் ஒரே சுருளில் சேர்ந்த பிரதியை நம் சினிமாக்காரர்கள் மேரீட் பிரிண்ட் என்பார்கள். கல்யாணமே ஆனாலும் இரண்டும் தனித்தனியாகப் பிறந்தவை.

இதில் ஒரு வேறுபாட்டை மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். படத்தைப் பிடிக்கும் வெள்ளி உப்புத் துகள்களுக்குத் தேர்ந்தெடுக்கத் தெரியாது. லென்சுக்கு முன் நின்ற துரை, தொழிலாளி, நாய், தூசி எல்லாவற்றிலிருந்தும் வந்த வெளிச்சம் அவற்றின்மேல் ஒரே மாதிரி விழும். ஒலிக்கோடு அப்படி இல்லை, அந்தப் படத்தில் அது முழுக்க முழுக்கத் தேர்ந்தெடுத்து வைக்கப்பட்டது. யார் குரல் இருக்கலாம் என்று ஒருவர் தீர்மானித்த பிறகே அது கோடாக விழுந்தது.

அந்தப் படத்தில் கப்பல் நிற்கும் கொழும்புத் துறைமுகம் எப்படி உண்டானது என்பதைச் சொல்லாமல் மேலே போக முடியாது. ஐரோப்பாவிலிருந்து வந்த நீராவிக் கப்பல்கள் முதலில் தங்கியது காலித் துறைமுகத்தில்தான். அங்கே பாறைகள் அதிகம். 1869இல் சூயஸ் கால்வாய் திறந்தபின் போக்குவரத்து பெருகியது. கொழும்பில் விரிகுடா என்று சொல்ல ஒரு சிறு வளைவு இருந்ததே தவிர, தென்மேற்குப் பருவக்காற்று அடித்தால் ஒதுங்க இடமில்லை. அலையைத் தடுக்க ஒரு சுவர் கட்ட முடிவானது. பொறியாளர் ஜான் கூட். 1875 டிசம்பரில் வேல்ஸ் இளவரசர் முதற்கல் வைத்தார், 1885இல் தென்மேற்குச் சுவர் முடிந்தது. நீளம் 4,200 அடிக்குக் கொஞ்சம் மேல். மஹரவில் கைதிகள் உடைத்த கல் அதில் போயிருக்கிறது.

கூட் செய்த வித்தையைக் கரிசலில் வீடு கட்டியவர்கள் உடனே புரிந்துகொள்வார்கள். கரிசல் மழைக்கு உப்பும், கோடைக்குச் சுருங்கிக் கை நுழையும் அளவு வெடிக்கும். அதன்மேல் ஒரே பிண்டமாகச் சுவர் எழுப்பினால் ஒரு பக்கம் அமுங்கும்போது குறுக்கே விரிசல் ஓடும். கடலுக்கடியில் கொட்டிய கல் மேடும் அப்படித்தான், ஆண்டுக்கணக்கில் அமுங்கிக்கொண்டே இருக்கும். அதனால் பல டன் எடையுள்ள கான்கிரீட் கட்டிகளைப் படுக்கையாக அடுக்காமல், அலமாரியில் புத்தகங்கள் ஒன்றன்மேல் ஒன்று சாய்ந்து நிற்பதுபோலச் சாய்வான வரிசைகளாக வைத்தார்கள். ஒரு வரிசை அமுங்கினால் பக்கத்து வரிசையை உடைக்காமல் அதன்மேல் வழுக்கி இறங்கிக்கொள்ளும். சுவர் அசைய இடம் விட்டதால் சுவர் நின்றது. 'சாங் ஆஃப் சிலோன்' பிரதியை முழுவதும் விரித்துப் போட்டால் ஒரு கிலோமீட்டருக்கு மேல் வரும், அந்தச் சுவரைவிடச் சிறிதுதான் குறைவு. இரண்டையும் ஒரே வணிகத்துக்காகக் கட்டினார்கள் என்று எனக்கு அடிக்கடி தோன்றும்.

இதே காலத்தில் எதிர்க்கரையில் நம் தூத்துக்குடி இருந்தது. 1876 தொடக்கத்தில் மதுரையிலிருந்து ரயில் வந்து சேர்ந்துவிட்டது. திருநெல்வேலிப் பருத்தி என்று வெளிநாட்டுச் சந்தையில் பெயர் வாங்கிய கரிசல் பஞ்சு அங்கிருந்துதான் போனது. அந்தப் பருத்தியை ஆராயவே 1901இல் கோவில்பட்டியில் விவசாய ஆராய்ச்சிப் பண்ணை வந்தது. கருங்கண்ணி என்ற பருத்தி ரகத்தின் பெயரை இன்றும் எங்கள் பக்கத்துப் பெரியவர்கள் சொல்வார்கள். ஆனால் மன்னார் வளைகுடா கரையோரத்தில் ஆழமற்றது. நீராவிக் கப்பல்கள் சில மைல் தள்ளி நங்கூரம் போட்டு நிற்கும். பஞ்சுப் பொதியும் ஆட்களும் தோணியில் போய் ஏற வேண்டும். ஆழமான துறைமுகம் கிடைக்க 1974 ஆனது. அந்த ஆண்டு ஜூலை 11ஆம் தேதி நாட்டின் பத்தாவது பெரிய துறைமுகமாக அறிவித்தார்கள். அதன் வடக்கு, தெற்கு அலைத்தடுப்புச் சுவர்கள் ஒவ்வொன்றும் ஏறத்தாழ 4 கிலோமீட்டர். கொழும்புச் சுவரைப்போல மூன்று மடங்கு. 2011 முதல் அதற்கு வ.உ.சிதம்பரனார் பெயர். எங்களுக்குப் பக்கத்து ஒட்டப்பிடாரத்தில் பிறந்த அவர், 1906இல் சுதேசி நாவாய்ச் சங்கம் தொடங்கிக் கப்பல் விட்ட வழியும் இதே தூத்துக்குடி–கொழும்பு வழிதான்.

அந்த வழியில் பஞ்சைப்போலவே மனிதர்களும் போனார்கள். மழை பொய்த்த ஆண்டுகளில் கரிசல் ஊர்களிலிருந்து கண்டிச் சீமைக்குப் போவதென்பது ஒரு தலைமுறையின் கதையில்லை. 1820களில் காப்பிக்காகத் தொடங்கி, காப்பிச் செடியை இலைநோய் தின்று தீர்த்தபின் தேயிலைக்காகத் தொடர்ந்தது. கங்காணி முன்பணம் கொடுத்துக் கூட்டிப் போவார். தூத்துக்குடிக்கு முந்தைய தட்டப்பாறையில் இலங்கை அரசு ஒரு முகாம் வைத்து, நோய் இருக்கிறதா என்று பார்த்துத்தான் கப்பலுக்கு அனுப்பியது. 1914இல் பாம்பன் பாலம் திறந்து தனுஷ்கோடி வழி வந்தபின் அந்த வேலை மண்டபம் முகாமுக்குப் போனது. எந்தத் தோட்டத்துக்குப் போக வேண்டுமென்பது எண்ணாகப் பொறித்த தகர வில்லை ஒன்று கழுத்திலோ கையிலோ இருக்கும். கடன் கணக்கு எழுதிய 'துண்டு' கையில் இல்லாமல் தோட்டம் மாற முடியாது. 1921இல்தான் அந்தத் துண்டு முறையைச் சட்டத்தால் ஒழித்தார்கள். ரைட்டின் காமிரா முன் கொழுந்து பறித்த கைகள் இந்த வழியாகப் போனவர்களுடையவை, அல்லது அவர்களின் பிள்ளைகளுடையவை.

படத்துக்குப் பின்னணி உரை இருக்கிறது. வாசிப்பவர் லயனல் வெண்ட், கொழும்பின் பெரிய புகைப்படக் கலைஞர், பியானோ வாசிப்பவர். நிதானமான, அழகான குரல். ஆனால் அவர் வாசிக்கும் வாசகம் 1934இல் எழுதப்பட்டதில்லை. ராபர்ட் நாக்ஸ் என்ற ஆங்கிலேய மாலுமி 1660இல் கண்டி மன்னனிடம் பிடிபட்டு, பத்தொன்பது ஆண்டு கழித்துத் தப்பிப் போய், 1681இல் வெளியிட்ட நூலிலிருந்து எடுத்தது. கலையாகப் பார்த்தால் அருமையான யோசனை. பழைய குரல் புதிய காட்சியின் மேல் விழும்போது காலமே ஆழமாகத் தெரிகிறது. ஆனால் 1681இல் இலங்கையில் தேயிலை இல்லை. ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரவில் தேயிலையைத் தோட்டப் பயிராக வைத்தது 1867இல். எனவே தோட்டத்துக்கென்று கடல் கடந்த தமிழர்கள் அந்த உரைக்குள் வரவே வழியில்லை. அதில் அவர்கள் இல்லை. வணிகக் குரல்களிலும் இல்லை, அவை விற்பவரும் வாங்குபவரும் பேசுபவை. ஊமைக் காமிராவோ பேச்சைப் பிடிக்காது. யாரும் கெட்ட எண்ணத்தோடு அவர்களை நீக்கியிருக்க வேண்டியதில்லை. கோட்டை வரைந்த முறையிலேயே அவர்களுக்கு இடம் இல்லாமல் போனது. படத்தை எத்தனை முறை பார்த்து வியந்தாலும் இந்த இடத்தில் எனக்கு நெஞ்சு அடைக்கும்.

பிரிட்டிஷ் ஆட்சியில் இருந்த இன்னொரு துறைமுக நகரமான ஆப்பிரிக்காவின் லாகோஸில், ரைட் படம் எடுத்த இதே பத்தாண்டில், இன்னொரு வகைப் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். 1924இல் அங்கே பிளேக் வந்தது. நெரிசலான குடியிருப்புகளை இடித்து நகரத்தைத் திருத்தி அமைக்க 1928இல் ஒரு வாரியமே ஏற்பட்டது. வில்லியம் செல்லர்ஸ் என்ற சுகாதார அதிகாரி எலி ஒழிப்பையும் பிளேக் தடுப்பையும் படமாக்கி மக்களுக்குத் திரையிட்டார். 1939இல் பிரிட்டன் தொடங்கிய காலனியத் திரைப்படப் பிரிவை நடத்தியவரும் அவரே. ஆப்பிரிக்க மக்களுக்கு வேகமான வெட்டும் ஒட்டும் புரியாது, மெதுவாக, ஒவ்வொன்றாகக் காட்ட வேண்டும் என்பது அவருடைய கொள்கை. ரைட் ஐரோப்பியப் பார்வையாளருக்காகக் குரல்களை அடுக்கடுக்காக ஏற்றிய அதே காலத்தில், அந்தக் காலனி மக்களுக்கென்று ஒரு தனிச் சினிமா இலக்கணமே எழுதப்பட்டுக்கொண்டிருந்தது.

இந்த இலக்கணத்துக்குச் சான்றாக வெகுகாலம் ஒரு கதை சொல்லப்பட்டது. ஜான் வில்சன் என்பவர் சொன்னதை ஊடக அறிஞர் மார்ஷல் மெக்லூகன் 1962இல் வெளியான தன் நூலில் எடுத்துக் கொடுத்திருக்கிறார். வீட்டைச் சுற்றித் தண்ணீர் தேங்க விடக்கூடாது என்று சொல்லும் மெதுவாக நகரும் ஐந்து நிமிடப் படத்தை ஆப்பிரிக்கக் கிராமம் ஒன்றில் போட்டுக் காட்டினார்களாம். முடிந்ததும் என்ன பார்த்தீர்கள் என்று கேட்டார்கள். ஒரு கோழியைப் பார்த்தோம் என்று பதில் வந்தது. எடுத்தவர்களுக்கே படத்தில் கோழி இருப்பது தெரியாது. பிலிமைச் சட்டம் சட்டமாக ஓட்டித் தேடியபோது, ஓரத்தில் ஒரு நொடி அளவுக்கு ஒரு கோழி குறுக்கே பறந்தது உண்மைதான் என்று தெரிந்தது.

படம் பார்க்கத் தெரியாதவர்கள் என்பதற்கு இதைக் காட்டினார்கள். எனக்கு நேர்மாறாகப் படுகிறது. இயக்குநரின் கண் தப்பியதை அந்த மக்களின் கண் பிடித்தது. வெள்ளி உப்பு தேர்ந்தெடுக்காமல் வாங்கி வைத்திருந்த ஒன்றை, தங்கள் வீட்டு முற்றத்தில் தினமும் மேயும் ஒரு உயிரை, அவர்கள் அடையாளம் கண்டார்கள். கோழி அங்கே இருந்தது.

போன ஆண்டு எங்கள் தெருவில் ஒரு பாட்டியிடம் இந்தப் படத்தைச் செல்போனில் காட்டினேன். மலைநாட்டில் பிறந்து, பன்னிரண்டு வயதிலேயே கூடை மாட்டியவர். 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்பச் சொல்லி 1964இல் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் கையெழுத்திட்ட ஒப்பந்தத்தில் இங்கே வந்து சேர்ந்தவர். புத்தரையும் கிராமத்தையும் தள்ளிவிட்டு மூன்றாம் பகுதியிலிருந்து போட்டேன். வேப்பமர நிழலில் கட்டிலில் உட்கார்ந்து, போனை முகத்துக்குக் கிட்டே வைத்துப் பார்த்தார். ரயிலுக்கும் யானைக்கும் ஒன்றும் சொல்லவில்லை. கொழுந்து பறிக்கும் பெண்கள் வந்ததும் உதட்டை அசைத்துக்கொண்டே பார்த்தார்.

"எங்க ஆத்தா காலத்து ஆளுகய்யா இவுக" என்றார். கொஞ்ச நேரம் கழித்து, "நம்ம ஆளுக பேசவே மாட்டாகளா?"

காமிரா சத்தம் பிடிக்காதது, குரல் எல்லாம் லண்டனில் சேர்த்தது என்று சொன்னேன்.

"அப்ப அந்தச் சத்தத்த அமத்துய்யா. எனக்கு அவுக மூஞ்சியப் பாக்கணும்."

ஒலியை நிறுத்தினேன். இன்னொரு தடவை, இன்னொரு தடவை என்று மூன்று முறை போடச் சொன்னார். பார்த்துக்கொண்டே அவரே பேசத் தொடங்கினார். லயத்து அறையின் அளவு, கூடைக் கயிறு நெற்றியில் இழுக்கும் இடம், ஸ்டோரில் கொழுந்து நிறுக்கும்போது இறாத்தல் குறைந்தால் கணக்கப்பிள்ளை அரைப் பேர், அதாவது அரை நாள் கூலி, போடுவது, மழையில் கம்பளிப் படங்கு சுற்றிக்கொள்வது. படம் முடிந்து திரை இருண்டபோதும் பேச்சு நிற்கவில்லை. விடியக்காலம், இருட்டு போகுமுன்னே, லயத்துக்கு முன்னால் தப்பு அடித்து ஆட்களை எழுப்புவார்கள் என்றார். எப்படி அடிப்பார்கள் பாட்டி என்று கேட்டேன்.

போனை மடியில் வைத்துவிட்டு, கட்டில் சட்டத்தில் இரண்டு கை விரல்களாலும் தட்டிக் காட்டினார். முதலில் மெதுவாக, பிறகு நெருக்கி, கடைசியில் ஒரே அடியாக நிறுத்தினார்.

"இதுக்குப் பெறகுதான் ஆள் எண்ண பெரட்டுக்குக் கூப்புடுவாகய்யா" என்றார்.